ஒழுகுற வீடு, ஐந்தாம் பாகம்

ஜூன் 10, திங்கள்

நரம்பு டாக்டர் சொல்லித்தான் இந்த நோட்டு. "என்ன சாப்பிட்டாங்க, எத்தன தடவ பொரை ஏறுச்சு, பேச்சு எப்படி இருக்குது, எல்லாம் எழுதி வையுங்க. அடுத்த தடவ வரும்போது கொண்டு வாங்க" என்றார். பேக்கரியில் கேக் ஆர்டர் எழுதும் நோட்டில் பாதி காலியாக இருந்தது. முன்பாதியில் என் மனைவி கனகமணியின் கையெழுத்து. 'தன்யஸ்ரீ, முதல் பிறந்த நாள், ரோஸ் கலர், முட்டை வேண்டாம்.' பின்பாதி இனி என்னுடையது.

கனகுவுக்குக் காலை ராகிக் கஞ்சி ஒரு டம்ளர். மதியம் குழைந்த பருப்புச் சோறு. புரை இரண்டு தடவை. பேச்சு கொஞ்சம் குழறுகிறது, ஆனால் என்னைத் திட்டும்போது தெளிவாகவே இருக்கிறது.

டாக்டருக்குத் தேவையில்லாத ஒரு விஷயமும் உண்டு. கனகு இரண்டரை வருஷமாகக் காத்திருந்த வீடியோ கேமின் ஐந்தாம் பாகம் வெளியாகிவிட்டது. பூனாவிலிருந்து மகன் கவின் போன் செய்து சொன்னான். அவள் முகம் அப்படி மலர்ந்து பார்த்துப் பல மாதம் ஆகிறது. "ஏனுங், ரிப்பேருக்குக் குடுத்த கேம் பெட்டி என்ன ஆச்சுங்?" என்று கேட்டாள். நாளைக்கே வாங்கி வருவதாகச் சொன்னேன்.

ஜூன் 11

பேக்கரிப் பரணிலிருந்து பெட்டியை இறக்கினேன். சுவிட்சு போட்டால் உயிர் வரவில்லை.

ஜூன் 13, வியாழன்

கேம் பெட்டியைக் கழற்றிய கடைக்காரப் பெண் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "இத எங்க வெச்சிருந்தீங்க சார்? ஃபேன் பூரா மாவா இருக்குது." பேக்கரி வீட்டில் மாவு பறக்கத்தானே செய்யும் என்றேன். பிரஷ்ஷால் தட்டித் தட்டி எடுத்தாள். ஒரு பணியாரத்துக்கு ஆகும்.

வீட்டுக்குக் கொண்டுவந்து டிவியோடு மாட்டி, கன்ட்ரோலரைக் கனகுவின் மடியில் வைத்தேன். பெட்டிப் பக்கம் குனிந்தவள் மூக்கைச் சுருக்கினாள். கட்டை விரலை ஆளை நடக்க வைக்கிற குச்சியின் மேல் வைத்தாள். விரல் வழுக்கிக் கீழே விழுந்தது. மறுபடி வைத்தாள், மறுபடி விழுந்தது. இருபத்திரண்டு வருஷம் கேக்கின் மேல் கிரீமால் பெயர் எழுதிய விரல் அது. நூல் பிடித்தாற்போல் எழுதுவாள்.

"நீங்க ஆடுங்க," என்றாள்.

என்னைப் பற்றி இங்கே எழுதிவிட வேண்டும். நான் நாச்சிமுத்து, வயது ஐம்பத்தி நாலு, பல்லி விழுந்தால் கடையை விட்டு வெளியே ஓடுகிற ஆள். பேய் என்ற சொல்லைக்கூட வெள்ளிக்கிழமை சொல்ல மாட்டேன். அவள் அப்படியில்லை. மகன் வேலைக்குப் போனபோது விட்டுப்போன பெட்டியில் பொழுதுபோகாமல் கையை வைத்தாள். நேராகப் பேய் விளையாட்டுக்குத்தான் போனாள். எங்கோ வெளிநாட்டில் மூன்று பேர் மட்டும் உட்கார்ந்து செய்த தொடர். பெரிய கம்பெனி எதுவும் இல்லை. அதற்கு நாங்கள் வைத்த பெயர் ஒழுகுற வீடு. வீட்டுக்கு உள்ளேயே ஓயாமல் மழை பெய்யும். உள்ளே மாட்டிக்கொண்ட ஒருவன் வெளியேற வழி தேடுவான். முகம் தெரியாத ஒரு பெண் கறுப்புக் குடை பிடித்துக்கொண்டு அவன் பின்னாலேயே வருவாள். குடையிலிருந்து சொட்டுகிற சத்தம் கேட்டால் ஓட வேண்டும், தொட்டால் சாவுதான். அவள் பெயர் குடைக்காரி. அங்கங்கே அடுப்பு எரிகிற அறை வரும், அங்கே போய் ஈரத்தைக் காய வைத்தால் அதுவரை ஆடியது பதிவாகும்.

நாலு பாகத்தையும் அவள் ஆடினாள். நான் பக்கத்தில் உட்கார்ந்து தலையணைக்குப் பின்னாலிருந்து பார்த்தேன்.

ஜூன் 14

அவள் வைத்த சட்டங்கள் மூன்று. ஒன்று, காலை ரொட்டி வேலை முடிந்து, சாயங்கால டீக்கூட்டம் வருவதற்கு முன், ரெண்டு மணிக்குத்தான் ஆட்டம். ஜன்னலுக்கெல்லாம் போர்வை கட்டி இருட்டாக்கிவிட வேண்டும். இரண்டு, வேறு யாராவது ஆடியதைப் போனில் பார்த்துவிட்டு வரக்கூடாது. மூன்று, செத்தவங்கதான் டீ போடோணும்.

அவள் ஆடிய காலத்தில் ஆட்டத்துக்குள் செத்ததே அபூர்வம். "உன்ற கூட உக்காந்தா ஒரு டீக்கு வழியில்ல" என்று நான் அலுத்துக்கொள்வேன்.

இன்றைக்கு இரண்டு மணி நேரத்தில் ஏழு டீ. கதவைத் திற என்றால் டார்ச்சை அணைத்தேன். சொட்டுச் சத்தம் கேட்டதும் கன்ட்ரோலரையே தூக்கிப் போட்டுவிட்டேன். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பார்கள். எனக்கு இருட்டும் இருந்தது, பேயும் இருந்தது. கனகுவுக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறியது. பயந்துபோய் முதுகைத் தடவிவிட்டேன். அவள் டீயில், புரையேறாமல் இருக்க, கெட்டியாக்கும் பொடி கலந்து ஸ்பூனால் கொடுத்தேன். மூன்று ஸ்பூன் போனது.

ஜூன் 29, சனி

இட்லி ஒன்றரை. புரை நாலு.

முதல் மாடி முடிந்தது. எனக்குக் கை பழகிவிட்டது என்று அவளே ஒப்புக்கொண்டாள். பாதி நேரம் கண்ணை மூடிக்கொண்டுதான் ஆடுகிறேன். அவள் எங்கே திரும்ப வேண்டும் என்று சொல்கிறாள், நான் திரும்புகிறேன். கார் ஓட்டக் கற்றுக்கொண்டபோதும் இப்படித்தான் செய்தோம்.

ஆட்டம் முடிந்ததும் சொன்னாள். "எனக்கொரு சந்தேகமுங். நாலு பாகமாத் தொரத்தறா. ஒரு தடவையாச்சும் கத்தி கித்தி வெச்சிருந்தாளா? கொடதான வெச்சிருக்கறா. நனையற ஆளுக்குக் கொட கொண்டாறா. இந்தக் கிறுக்கன் பயந்துக்கிட்டு ஓடறான்."

"பட்டாச் சாவறானே?"

"ஓடறப்பப் பட்டாச் சாவறான். நின்னு பாத்தாத்தான தெரியும்? எனக்கும் நிக்கறக்குத் தைரியம் வந்ததேயில்லீங். இதான் கடைசிப் பாகம். இதுல அவ கடைசியா வர்றப்ப நிக்கோணும். என்ன ஆகுதுன்னு எனக்குப் பாத்துப்போடோணும்."

இவ்வளவையும் சொல்ல அவளுக்குக் கால் மணி நேரம் ஆனது. நான் அவசரப்படுத்தவில்லை.

ஜூலை 3

கஞ்சி அரை டம்ளர். புரை ஆறு. ஆட்டம் இல்லை.

ஜூலை 10, புதன்

நிலைக்கண்ணாடி அறைக்கு வந்துவிட்டோம். அதைத் தாண்டினால் கடைசி மாடிதான் என்று நினைக்கிறேன். கண்ணாடியில் குடை தெரியும், சொட்டுச் சத்தம் கேட்கும், சட்டென்று ஒரு பக்கம் போக வேண்டும். ரொம்பக் கஷ்டமான இடம். இன்றைக்கு மூன்று டீ.

ஜூலை 20, சனி

கவின் வந்திருக்கிறான். அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டே உட்கார்ந்திருந்தான். மதியம் போர்வை கட்டியதும், "இன்னும் இந்த ரூம்லதான் இருக்கீங்களாப்பா? மொத்தமே எட்டு மணி நேர கேம்ப்பா இது" என்று கன்ட்ரோலரை வாங்கினான். சொட்டுச் சத்தம், இடது பக்கம், கதவு. பத்து நிமிஷத்தில் கடைசி மாடிப் படிக்கட்டு தெரிந்தது. அவன் அடுப்பறையைத் தேடிக்கொண்டிருந்தபோது நான் எழுந்து சுவிட்சை அணைத்துவிட்டேன்.

"ஐயோ, சேவ் ஆகலப்பா!"

பப்ஸ் அடுப்பில் ஏற்றுகிற நேரம் ஆகிவிட்டது, அதனால்தான் அணைத்தேன். மணி மூன்றுதான் ஆகியிருந்தது என்று பிறகு கவனித்தேன்.

கனகு என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஆகஸ்ட் 2

டாக்டர் நோட்டை வாங்கிப் புரட்டினார். ஆட்டம் பற்றிய பக்கங்களைக் கிளிப் போட்டு மூடியிருந்தேன். அவளை வெளியே உட்கார வைத்துவிட்டு என்னிடம் மட்டும் பேசினார். அதை இங்கே எழுதப் போவதில்லை.

பேக்கரி அடுப்பின் கதவு சரியாக மூடவில்லை. ஆள் வரச் சொல்ல வேண்டும்.

ஆகஸ்ட் 6

வயிற்றில் குழாய் வைத்தாயிற்று. இனி எத்தனை இட்லி என்று எழுத வேலையில்லை. ஆறு வேளை, வேளைக்கு இருநூறு மில்லி.

ஆகஸ்ட் 15, வியாழன்

கடைக்கு மதியம் லீவு விட்டேன். கொடியேற்றிய பிள்ளைகள் லட்டு பன் எல்லாவற்றையும் காலையிலேயே காலி செய்துவிட்டார்கள். ரெண்டு மணிக்குப் போர்வை கட்டி உட்கார்ந்தோம். கண்ணாடி அறையில் வழக்கம்போலச் செத்தேன். டீ போட எழுந்தபோது, "இருங்," என்றாள்.

அவள் பேசுவது இப்போது எனக்கு மட்டும்தான் புரிகிறது. ஒரு சொல்லுக்கும் அடுத்த சொல்லுக்கும் நடுவே மூச்சு வாங்க வேண்டும். நான் சேர்த்து எழுதுகிறேன்.

"சொட்டுச் சத்தம் கேட்டா எந்தப் பக்கம் போவோணும்?"

"எடது பக்கம்."

"பொறவு எதுக்கு வலது பக்கமே போறீங்க?"

"மறந்துட்டேன் கண்ணு."

"முப்பத்தாறு நாளா மறந்துட்டீங்களா?"

அவள் எண்ணிக்கொண்டிருந்திருக்கிறாள். கை போனாலும் அவளுக்குக் கணக்குப் போகவில்லை. நான் திருடன் மாதிரி நின்றேன். பிறகு வாயில் வந்ததைச் சொல்லிவிட்டேன்.

"முடிஞ்சுபோச்சுன்னா அப்புறம் என்ன பண்றது கனகு? தெனமும் ரெண்டு மணியானா நீ கண்ணத் தொறந்து என்னயப் பாக்கற. அதுக்குத்தான் நான் காலைல இருந்து மாவு பெசையறேன். இது முடியாம இருந்தா நீயும்..." அழுதேன். ஐம்பத்தி நாலு வயது ஆள், போர்வை கட்டிய இருட்டில், விக்கி விக்கி அழுதேன்.

அவள் விட்டுவிடவில்லை. "இன்னொண்ணு இருக்குதல்ல," என்றாள்.

"என்ன?"

"பெட்டி. அதுல மைதா வாசம் வந்துச்சு. ரிப்பேருக் கடைல ஏதுங் மைதா?"

இதை நான் இந்த நோட்டில் ஒழுங்காக எழுதவில்லை. இப்போது எழுதுகிறேன். போன கார்த்திகையில் ஒரு கேக்கில் பெயர் கோணிவிட்டது. அடுத்த வாரம் இன்னொன்று. கிரீம் கோன் கையிலிருந்து நழுவியது. கட்டை விரல் மரத்துப்போகிறது என்று அவள் சொன்னபோது, நான் பெரிய வைத்தியன் போல, "கேம் ஆடி ஆடித்தான் வெரலு தேஞ்சுபோச்சு" என்று கத்தினேன். அவள் ஊருக்குப் போயிருந்த அன்றைக்குப் பெட்டியைத் தூக்கி, மைதா மூட்டைகளுக்கு மேலே பரணில் ஒளித்து வைத்துவிட்டு, ரிப்பேருக்குக் கொடுத்ததாகப் பொய் சொன்னேன். விரலுக்கு ஓய்வு கிடைத்தால் சரியாகும் என்று நம்பினேன். எண்ணெய் வைத்தியரிடம் கூட்டிப்போனேன். நாலு மாதம் அப்படியே போனது. மாசியில் ரவிக்கை ஊக்கு மாட்ட முடியவில்லை என்றபோதுதான் பெரிய ஆஸ்பத்திரிக்குப் போனோம். தசைக்குச் சேதி கொண்டுபோகிற நரம்பெல்லாம் ஒவ்வொன்றாக அணைந்துபோகிற நோய் என்றார்கள். விளையாட்டுக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை என்றார்கள்.

அந்த நாலு மாதமும் அவளால் ஆட முடிந்திருக்கும். விரல் இருந்தது. அதுதான் கடைசியாக இருந்த நல்ல காலம். அதை நான் பரணில் போட்டு மூடிவிட்டேன்.

எல்லாவற்றையும் அவளிடம் சொன்னேன். பிறகு நானே கேட்டேன்.

"கோவம் வந்துச்சா அன்னிக்கு? மைதா வாசம் வந்தப்போ?"

"வந்துச்சுங்."

"இப்ப?"

"இப்பவும் இருக்குதுங்."

மன்னித்துவிட்டேன் என்று அவள் சொல்லியிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். அவள் அப்படிப்பட்டவள் இல்லை. மூச்சு வாங்கிக்கொண்டு சொன்னாள். "கோவம் போவோணும்னா முடிச்சுக் காட்டுங்க. எனக்குக் கண்ணு இருக்கறப்பவே."

எழுந்து டீ போட்டேன். திரும்பி வந்து இடது பக்கம் போனேன்.

ஆகஸ்ட் 28

கடைசி மாடி. ஆறு கதவு, அதில் ஐந்து பொய்க்கதவு. இன்றைக்கு ஒரு டீதான்.

கனகுவின் பேச்சு நேற்றோடு நின்றுவிட்டது என்று நினைக்கிறேன். கடைசியாகச் சொன்னது, "போர்வ வெலகுது." ஜன்னலைச் சொன்னாள்.

செப்டம்பர் 4

புதிய சட்டம். கண்ணை ஒரு தடவை மூடினால் நட, ஆமாம். இரண்டு தடவை மூடினால் நில், இல்லை. விழியைத் திருப்பினால் அந்தப் பக்கம். நான் டிவியைப் பார்ப்பதா, அவளைப் பார்ப்பதா? அதனால் சோபாவை டிவிக்குப் பக்கத்தில் நகர்த்திக்கொண்டு அவள் முகத்தைப் பார்த்தபடி ஆடுகிறேன். பயமும் குறைவாக இருக்கிறது.

செப்டம்பர் 17

கடைசி மாடியிலிருந்து படி இறங்கி வந்தால், முன் வாசலுக்குப் போகிற நீளமான நடை. இதுதான் கடைசி என்று பார்த்தாலே தெரிகிறது. கதவு எதிரே இருக்கிறது. பாதி தூரம் போனதும் பின்னால் சொட்டுச் சத்தம்.

கனகு கண்ணை இரண்டு தடவை மூடினாள். நில்.

நான் ஓடினேன். செத்தேன். டீ.

மறுபடி. இரண்டு தடவை மூடினாள். மறுபடி ஓடினேன். வேண்டுமென்று இல்லை, சத்தியமாக இல்லை. விரல் என் பேச்சைக் கேட்கவில்லை. அவளிடம் இதைச் சொல்லவே வெட்கமாக இருந்தது.

செப்டம்பர் 21

ஓடினேன்.

செப்டம்பர் 23

காய்ச்சல். நெஞ்சில் சளி. ஆம்புலன்ஸில் கூட்டிப்போகிறேன்.

செப்டம்பர் 27

ஐ.சி.யூ. வெளியே பெஞ்சில். நோட்டை மறந்துவிட்டேன், கவின் கொண்டுவந்தான்.

அக்டோபர் 6, ஞாயிறு

வீட்டுக்கு வந்துவிட்டோம். தொண்டையில் ஓட்டை போட்டு மூச்சுக்கு மெஷின் வைக்கலாமா என்று ஆஸ்பத்திரியில் டாக்டர் கேட்டார். அவளிடமே கேட்கச் சொன்னேன். இரண்டு தடவை மூடினாள். டாக்டர் மறுபடி கேட்டார். மறுபடியும் இரண்டு தடவை. கவின் மாடிப்படியில் போய் உட்கார்ந்து அழுதான். எனக்கு ஆத்திரமாக வந்தது. ஆனால் அது அவள் மூச்சு, முடிவும் அவளுடையது.

அக்டோபர் 9, புதன்

ரெண்டு மணிக்கு அவள் பார்வை ஜன்னலுக்குப் போனது. அப்புறம் டிவிக்கு. போர்வை கட்டினேன்.

இந்த முறை கட்டிலில் அவளுக்குப் பின்னால் உட்கார்ந்து அவளை என் மேல் சாய்த்துக்கொண்டேன். கன்ட்ரோலரை அவள் மடியில் வைத்து, அவளுடைய கட்டை விரலைக் குச்சியின் மேல் வைத்து, அதன் மேல் என் விரலை வைத்தேன். எதிரே கவின் நாற்காலி போட்டு அம்மாவின் கண்ணைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

நடை. பாதி தூரம். சொட்டு, சொட்டு.

"ரெண்டு தடவப்பா. நில்லுங்க," என்றான் கவின்.

என் விரல் அவள் விரலுக்கு மேல் இருந்தது. நான் அழுத்தினால் அவள் விரல் நசுங்கும். அதனால்தான் நின்றேன், தைரியத்தால் இல்லை. சத்தம் கிட்டே வந்தது. காதுக்குப் பக்கத்தில் வந்தது. கண்ணை மூடிக்கொண்டேன். அப்புறம் மழைச் சத்தம் நின்றது.

கண்ணைத் திறந்தால், டிவியில் எங்கள் ஆள் தலைக்கு மேல் குடை இருந்தது. ஐந்து பாகத்தில் முதல் தடவையாக அவன் நனையவில்லை. பக்கத்தில் குடைக்காரி நின்றாள். முகம் இப்போதும் தெரியவில்லை. ஒரு வயதான பெண்ணின் கை மட்டும் தெரிந்தது. குச்சியை லேசாகத் தள்ளினால் அவள் நடந்தாள், நாங்களும் நடந்தோம். வேகமாகப் போக முடியவில்லை. அவள் நடைதான் எங்கள் நடை. வாசலில் நின்று குடையை அவன் கையில் கொடுத்தாள். அவள் வெளியே வரவில்லை. பின்னால் மழையில் நனைந்துகொண்டு நின்றாள். இனி வெளியே போக ஒரே ஒரு பட்டன்தான் அழுத்த வேண்டும்.

நான் அழுத்தவில்லை. அவளை அங்கேயே விட்டுவிட்டுப் போக எனக்கு மனம் வரவில்லை. எவ்வளவு நேரம் அப்படி இருந்தோம் என்று தெரியாது.

"அப்பா, ஒரு தடவ," என்றான் கவின். "அம்மா ஒரு தடவ மூடறாங்க."

அழுத்தினேன். வெளியே வெயில் அடித்தது. மூன்று பெயர்கள் வந்தன, செய்தவர்களுடைய பெயர்கள். அவ்வளவுதான், முடிந்தது.

முன்னால் வந்து அவள் முகத்தைப் பார்த்தேன். நான் சொன்னேனே பார்த்தீர்களா என்கிற பார்வை. அந்தப் பார்வையோடு முப்பது வருஷம் குடித்தனம் செய்திருக்கிறேன், எனக்குத் தெரியாதா?

"கோவம் போச்சா கனகு?"

இரண்டு தடவை மூடினாள். இல்லை. அப்புறம் விழி சமையலறைப் பக்கம் திரும்பியது.

"யாரும் சாகலையே, எதுக்கு டீ?" என்றேன். விழி அங்கிருந்து திரும்பவே இல்லை. போய்ப் போட்டேன், இஞ்சி தட்டி, அவளுக்குப் பிடித்த மாதிரி. பஞ்சை அதில் நனைத்து உதட்டில் வைத்தேன். நாக்கு நுனி கொஞ்சம் அசைந்தது.

"இப்ப?"

ஒரு தடவை மூடினாள்.

அக்டோபர் 21

காலை ஐந்து ஐம்பது. நான் பக்கத்தில் இருந்தேன்.

நவம்பர் 8, வெள்ளி

காரியம் எல்லாம் முடிந்தது. கவின் நேற்று ரயிலேறினான். தன்னோடு வரச் சொன்னான். ரொட்டி யார் போடுவது என்றேன். டாக்டருக்கு இனி இந்த நோட்டு வேண்டியதில்லை. இரண்டு பக்கம் மீதி இருக்கிறது.

காலை தேங்காய் பன் ஐம்பது போட்டேன். ஒரு கேக் ஆர்டர் வந்தது. பெயர் எழுத ஆள் இல்லை என்று திருப்பி அனுப்பினேன்.

ரெண்டு மணிக்குப் போர்வை கட்டினேன். கை தானாகக் கட்டிவிட்டது. பெட்டியைப் போடவில்லை. அவள் படுத்திருந்த பக்கத்தை விட்டுவிட்டு இந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தேன்.

செத்தவங்கதான் டீ போடோணும். நீ வெச்ச சட்டம்தான், கனகு. ஒரு நாளும் நீ அதை மீறினதில்லை. மூன்றரை வரைக்கும் காத்திருந்தேன். அப்புறம் நானே எழுந்துபோய்ப் போட்டேன்.